ஆட்டக்காரரும் உடைமையாளரும்

உடைமை என்னும் சொல் தமிழிலே இரு திசைகளில் இயங்குவது. திருக்குறளின் அதிகாரத் தலைப்புக்களை நோக்கின் அன்புடைமை, அடக்கமுடைமை, பொறையுடைமை, ஊக்கமுடைமை, ஆள்வினையுடைமை என அச்சொல் மனிதரிடத்து அமைந்த பண்பினைக் குறித்து நிற்பதைக் காணலாம். காணிக்கும் வீட்டுக்கும் உறுதி எழுதும் நொத்தாரிசின் மேசையிலோ அதே சொல் வாங்கவும் விற்கவும் கூடிய பொருளைக் குறிக்கின்றது. முதலாவது வகை உடைமையை எவராலும் விற்க இயலாது. இரண்டாவது வகையை விற்க இயலாதெனின் அது உடைமையே அன்று. இவ்விரு பொருள்களும் ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளும் இடங்கள் சில உள. தொழில்முறை விளையாட்டணி அவற்றுள் ஒன்று.

2012 ஆம் ஆண்டின் இறுதிப் பகுதியில், ஐக்கிய அமெரிக்காவின் மெம்பிஸ் நகரைச் சார்ந்த கிறிஸ்லீஸ் என்னும் கூடைப்பந்தாட்ட அணியைத் தம் கூட்டாளிகளோடு சேர்ந்து வாங்கினார் றொபேட் பெரா. அப்பொழுது அவருக்கு வயது 34. விலை 377 மில்லியன் டொலர் எனச் செய்தித்தாள்கள் எழுதின. இத்துணைப் பெருந்தொகைக்கு அவர் வாங்கியது யாது என்ற வினா எளிதானது போலத் தோன்றும். விடையோ எளிதன்று.

ஆட்டக்காரரை அவர் வாங்கவில்லை. ஒரு காலத்தில் வட அமெரிக்கத் தொழில்முறை விளையாட்டுக்களில் ஓர் அணியோடு ஒப்பந்தம் செய்தவர், அவ்வொப்பந்தம் முடிவடைந்த பின்னரும் அவ்வணியின் அனுமதியின்றி வேறோர் அணிக்குச் செல்ல முடியாதவராக இருந்தார். கூடைப்பந்தாட்டத்தில் இந்நிலையை எதிர்த்து, ஆட்டக்காரர் சங்கத்தின் தலைவராயிருந்த ஒஸ்கார் றொபேட்சன் 1970 இல் வழக்குத் தொடுத்தார். 1976 இல் ஏற்பட்ட இணக்கத்தோடு அக்கட்டுத் தளரத் தொடங்கிற்று. இன்றைய ஆட்டக்காரர் குறித்த காலத்துக்குத் தம் உழைப்பை விற்பவரேயன்றி, விற்கப்படுபவர் அல்லர். (ஆயினும் ஒப்பந்தக் காலத்தினுள் அவரை ஓர் அணி மற்றோர் அணிக்கு மாற்றிக்கொள்ளலாம் என்பதனால் சந்தையின் வாடை முற்றாக அகன்றுவிடவில்லை.) விளையாட்டரங்கையும் பெரா வாங்கவில்லை. 2004 இல் திறக்கப்பட்ட பெடெக்ஸ் போறம் என்னும் அவ்வரங்கு ஏறக்குறைய 250 மில்லியன் டொலர் செலவில், பொதுக் கடன் திரட்டிக் கட்டப்பட்டது. அணியின் பெயரோ மெம்பிஸ் மண்ணுக்கே உரியதன்று. அவ்வணி கனடாவின் வன்கூவர் நகரில் 1995 இல் தோன்றியது. அப்பிரதேசத்து மலைக்காடுகளில் வாழும் பெருங்கரடியின் பெயரைத் தாங்கியது. 2001 இல் அணி தெற்கே வந்தபோது, அத்தகைய கரடி வாழாத ரெனசி மாநிலத்துக்குக் கரடியின் பெயரும் கூடவே வந்து சேர்ந்தது.

ஆகவே, ஆட்களையும் நீக்கி, கட்டடத்தையும் நீக்கி, பெயரின் பொருளையும் நீக்கிய பின்னர் எஞ்சுவது ஓர் உரிமை. தேசிய கூடைப்பந்தாட்டச் சங்கம் எனப்படும் அமைப்பிலே உள்ள முப்பது இருக்கைகளுள் ஒன்றில் அமரும் உரிமை அது. முப்பத்தோராவது இருக்கையை இடுவதா என்பதை ஏனைய முப்பதின்மரே தீர்மானிப்பர். இவ்வருமையே அதன் விலை.

இவ்விருக்கையை நாடி வந்தவரின் முன்வரலாறு சற்று விரிவாக நோக்கத்தக்கது. பெரா 1978 இல் பிறந்து கலிபோர்னியாவில் வளர்ந்தவர். பாடசாலைப் பருவத்தில் கூடைப்பந்தாட்டத்தில் பெருவிருப்புக் கொண்டிருந்தார். அக்காலத்தில் இதய வால்வில் ஏற்பட்ட தொற்று அவரை வைத்தியசாலைக்கு அனுப்பியது. நோய் நீங்கியது, ஆனால் பாடசாலை அணியில் அவருக்கிருந்த இடம் அவ்வாறே காத்திருக்கவில்லை. அதே இளமைக் காலத்தில் அயலிலுள்ள வணிக நிலையங்களுக்குக் கணினி வலையமைப்புக்களை நிறுவிக் கொடுக்கும் சிறு தொழிலொன்றையும் அவர் நடத்தினார். பின்னர் சான் டியேகோவிலுள்ள கலிபோர்னியப் பல்கலைக்கழகத்திலே மின்பொறியியலும், அதனோடு யப்பானிய மொழியும் பயின்று, பொறியியலில் முதுமாணிப் பட்டமும் பெற்று, அப்பிள் கம்பனியிற் சேர்ந்தார்.

அங்கு அவருக்கு அளிக்கப்பட்ட பணி பகட்டற்றது. கம்பியில்லாத் தொடர்புக் கருவிகள் வெளிவிடும் அலைகளின் வலு, அரசாங்கம் விதித்த வரம்புக்குள் அடங்குகின்றதா எனச் சோதிப்பதே அது. வரம்பை மீறும் கருவியைக் கண்டுபிடிப்பதற்காக அமர்த்தப்பட்டவர், கருவிகள் வரம்புக்கு மிகக் கீழே நிற்பதைக் கண்டார். வலுவைச் சட்டம் இடந்தரும் எல்லைவரை உயர்த்துவோமாயின், வீட்டின் ஓர் அறையிலிருந்து மறு அறைக்குச் செல்லும் சமிக்ஞை பல கிலோமீற்றர் தூரம் செல்லும். தொலைபேசிக் கம்பி செல்லாத ஊர்களுக்கும் இணையத்தை மலிவாகக் கொண்டுசெல்லலாம். இதனை மேலாளர்கள் பொருட்படுத்தவில்லை. பெரா வேலையை விட்டு விலகி, 2005 அளவில் தமது சேமிப்பையும் கடனட்டைகளையும் முதலாகக் கொண்டு யுபிக்குவிற்றி என்னும் கம்பனியை இயக்கத் தொடங்கினார். கம்பி வழி இணையம் எட்டாத பல நாடுகளின் சிற்றூர்களில் அதன் கருவிகள் கூரைகளின் மீது ஏறின.

அக்கம்பனியின் ஓர் இயல்பு இக்கட்டுரையின் பொருளோடு நெருங்கிய தொடர்புடையது. பெருங்கம்பனிகள் விற்பனையாளர் படையொன்றைப் பேணுவன. பெராவின் கம்பனியோ அதனைப் பெரும்பாலும் தவிர்த்தது. கருவிகளை வாங்கியோர் தமக்குள்ளே கூடிப் பேசினர். ஒருவருக்கு நேர்ந்த இடரை மற்றொருவர் தீர்த்துவைத்தார். புதியவருக்குப் பழையவர் ஆசானானார். அவர்களுக்குச் சம்பளம் இல்லை. அவர்களது ஆர்வமே கம்பனியின் விளம்பரமாகவும், ஓரளவுக்கு அதன் சேவைப் பிரிவாகவும் இயங்கியது. 2011 ஒக்ரோபரில் கம்பனியின் பங்குகள் சந்தைக்கு வந்தபோது, பெரும்பான்மைப் பங்குகளைத் தம் கையில் வைத்திருந்த பெரா முப்பத்துமூன்றாம் வயதிலேயே பெருஞ்செல்வரானார். பிறர் விருப்போடு செய்யும் கூலியில்லா உழைப்பு மதிப்பாகத் திரண்டு ஓரிடத்தே சேரும் விந்தையை அவர் கூடைப்பந்தாட்டத்துக்கு வருமுன்னரே கண்டறிந்திருந்தார் எனலாம். விளையாட்டணி ஒன்றின் செல்வமும் இவ்வாறே திரள்கின்றது. அணியின் சட்டையை அணிந்து தெருவிற் செல்லும் சிறுவன் எவரிடமும் கூலி கேட்பதில்லை. சட்டைக்கு அவனே விலை கொடுக்கின்றான்.

இனி, மெம்பிஸ் நகரைப் பற்றிச் சில கூறவேண்டும். மிசிசிப்பி ஆற்றங்கரையில் பருத்தி வாணிபத்தால் வளர்ந்த அந்நகரின் மக்களுட் பெரும்பான்மையோர் கறுப்பினத்தவர். 1968 பெப்ரவரி முதலாம் திகதி, மழைக்கு ஒதுங்கிய துப்புரவுத் தொழிலாளர் இருவர் குப்பை வண்டியின் அரைக்கும் பொறியில் அகப்பட்டு மாண்டனர். அதன்பின் ஏறக்குறைய 1,300 தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். தாமும் மனிதரே என அறிவிக்கும் பதாகைகளைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு அவர்கள் தெருவில் நடந்தனர். அவர்களுக்கு ஆதரவளிக்க வந்த மாட்டின் லூதர் கிங், ஏப்ரல் 4 ஆந் திகதி லொறெயின் விடுதியின் மாடத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவ்விடுதி இன்று நூதனசாலை. அங்கிருந்து கூடைப்பந்தாட்ட அரங்குக்கு நடந்தே சென்றுவிடலாம். பெரும்பாலான ஆண்டுகளில் சனவரியில் கிங் அவர்களின் நினைவு நாளன்று அவ்வரங்கில் ஆட்டம் நடைபெறும். நகரம் அதனை வெறும் ஆட்டமாக எண்ணுவதில்லை.

இந்நகருக்கு அணியை இழந்த அனுபவமும் உண்டு. 1970 முதல் 1975 வரை அமெரிக்கக் கூடைப்பந்தாட்டச் சங்கம் என்னும் போட்டி அமைப்பைச் சார்ந்த அணியொன்று அங்கு இருந்தது. ஐந்தாண்டுகளில் அதற்கு மூன்று பெயர்கள். உடைமையாளர் மாறுந்தோறும் பெயர் மாறியது, நிறம் மாறியது. ஈற்றில் அணியே வேற்றூருக்குப் போய் மறைந்தது. அதன் பின்னர் இருபத்தாறு ஆண்டுகள் கழித்து வந்ததே கிறிஸ்லீஸ். அதுவும் வேறொரு நகரத்தின் இழப்பிலிருந்து வந்தது என்பதை மறத்தலாகாது. வன்கூவரில் ஆறு பருவங்களில் அது வென்றவை 101 ஆட்டங்கள், தோற்றவை 359. மைக்கல் ஹைஸ்லி என்னும் செல்வர் 2000 இல் அவ்வணியை வாங்கினார். அடுத்த ஆண்டே அது மெம்பிஸில் ஆடியது. வன்கூவரில் அத்தோல்விகளைப் பார்த்துக்கொண்டு ஆறாண்டுகள் அரங்கில் அமர்ந்திருந்தவரை எவரும் கலந்தாலோசித்ததாகத் தெரியவில்லை.

ஹைஸ்லி விற்க முன்வந்து, கலிபோர்னியாவைச் சேர்ந்த, மெம்பிஸோடு எவ்விதத் தொடர்புமற்ற இளைஞர் ஒருவர் வாங்க முன்வந்தபோது நகரில் எழுந்த அச்சத்தை இப்பின்னணியிலேயே விளங்கிக்கொள்ளல் வேண்டும். போதாக்குறைக்கு, அதே 2012 கோடையில் யுபிக்குவிற்றியின் பங்கு விலை பெரிதும் சரிந்தது. போலிக் கருவிகள் சந்தையிற் புகுந்தமை அதற்கு ஒரு காரணம். காகிதத்தில் இருந்த செல்வம் காகிதத்திலேயே கரைந்தது. வாங்குவதற்கு அவரிடம் பணம் உண்டா என்ற ஐயமும், வாங்கினால் அணியை எங்கு கொண்டுசெல்வாரோ என்ற ஐயமும் ஒருங்கே நிலவின.

பெரா இதற்குக் கண்ட வழி சாதுரியமானது. அணியின் பங்குகளிற் சிறு பகுதிகளை அந்நகரோடு வேர்த்தொடர்பு உடையோருக்கு வழங்கினார். மெம்பிஸில் பிறந்து வளர்ந்து புகழ்பெற்ற ஆட்டக்காரர் பென்னி ஹாடவே, அந்நகரத்தவரான பாடகர் ஜஸ்ரின் ரிம்பர்லேக், உள்ளூர் வணிகர் சிலர் ஆகியோர் சிறுபங்காளர் ஆயினர். இதனை நல்லெண்ணம் என்பதா, முன்யோசனை என்பதா? இரண்டும் கலந்ததெனக் கொள்வதே பொருத்தமானது. ஒக்ரோபரில் சங்கம் விற்பனையை அங்கீகரித்தது.

அவ்வேளையில் அவர் செய்த வேறொரு காரியம் பலரை நகைக்க வைத்தது. கூடைப்பந்தாட்டத்தில் ஒப்பாரும் மிக்காருமின்றி விளங்கிய மைக்கல் ஜோர்டனை, தம்மோடு தனித்து ஆட வருமாறு பெரா பகிரங்கமாக அறைகூவினார். பந்தயப் பணம் தருமத்துக்கு என்றார். ஜோர்டன் அப்பொழுது ஐம்பதை அண்மித்தவர். தாமும் சார்லொட் அணியின் உடைமையாளர். அறைகூவல் ஏற்கப்படவில்லை. செல்வம் தந்த செருக்கு என்றனர் சிலர். விளம்பரம் என்றனர் வேறு சிலர். பாடசாலைப் பருவத்தில் நோயினால் ஆட்டத்தை இழந்த ஒருவரின் செயல் என்று நோக்குமிடத்து நகைப்பு சற்று அடங்கும். முப்பது இருக்கைகளுள் ஒன்றை வாங்கிவிட்ட பின்னரும், உடைமையாளரின் இருக்கையிலிருந்து இறங்கி, பந்தைக் கையிலேந்தி, தமக்கு எதிரே ஒருவர் நிற்பதைக் காணவேண்டுமென்ற வேட்கை அவரிடம் இருந்தது போலும். அணியை விலைக்குப் பெறலாம். அவ்வேட்கைக்கு உரியதைப் பெற எந்தச் சங்கத்திலும் வாக்கெடுப்பு நடப்பதில்லை.

அவர் வாங்கிய அணியோ ஏற்கெனவே தனக்கென ஓர் உள்ளத்தைப் பெற்றுவிட்டது. சக் றண்டோல்ப், மார்க் கசோல், மைக் கொன்லி, ரொனி அலன் என்னும் நால்வரைச் சுற்றி அது உருவானது. எழிலாகப் பந்தெறியும் அணி என எவரும் அதனைக் கூறார். தடுப்பாட்டத்தாலும் விடாப்பிடியாலும் எதிரியைத் தேய்த்து வெல்லும் அணி. 2011 இல் எட்டாம் இடத்திலிருந்து முதலாம் இடத்து சான் அன்ரோனியோவை முதற் சுற்றிலேயே வீழ்த்தியது. தம் ஊரின் கடின வாழ்வு களத்திலே நடமாடுவதாக நகரத்தார் அதனைக் கண்டனர். றண்டோல்ப், குளிர்காலத்தில் மின்கட்டணம் கட்ட இயலாத ஏழை வீடுகளுக்குத் தாமே கட்டணம் செலுத்தி வந்தவர். கசோல் ஸ்பானியர், தமையன் பாவ் கசோல் 2001 இல் மெம்பிஸ் அணியிற் சேர்ந்தபோது குடும்பத்தோடு அங்கு வந்து, அந்நகரப் பாடசாலையொன்றிலே படித்துப் பந்தாடியவர். இவர்கள் மெம்பிஸைத் தமதாக்கிக்கொண்டமைக்கு எந்த உறுதிப் பத்திரமும் இல்லை.

பெராவின் முதற் பருவமே அணியின் அதுவரையிலான வரலாற்றில் மிகச் சிறந்ததாயிற்று: 56 வெற்றிகள், 26 தோல்விகள். மேற்குப் பிரிவின் இறுதிச் சுற்றுவரை சென்று, சான் அன்ரோனியோவிடம் நான்கு ஆட்டங்களையும் இழந்து திரும்பியது. ஆயின் அதே பருவத்தின் நடுவில், 2013 சனவரியில், அணியின் மிகுதியான சம்பளம் பெற்றோருள் ஒருவரான றூடி கே ரொறன்ரோவுக்கு மாற்றப்பட்டார். புள்ளிவிபர ஆய்வினால் அறியப்பட்ட ஜோன் ஹொலிஞ்சர் என்னும் எழுத்தாளர் நிருவாகத்திற் சேர்க்கப்பட்டார். பருவம் முடிந்ததும், அவ்வெற்றியை ஈட்டிய பயிற்றுநர் லயனல் ஹொலின்ஸின் ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. அதற்கடுத்த ஆண்டு, 2014 இல், பெராவின் சார்பில் அணியை நடத்திய ஜேசன் லெவீனும் நீக்கப்பட்டார். சிறப்பாகச் செய்து முடித்தவர் ஏன் போகவேண்டும் என்ற வினா நகரில் எழுந்தது. முதலீட்டாளரின் நோக்கில் அது வினாவே அன்று. நடந்து முடிந்த வெற்றி விலையில் ஏற்கெனவே சேர்ந்துவிட்டது. அவர் பார்ப்பது அடுத்ததை. இதனைக் குற்றமெனக் கூறுதல் எளிது. ஆனால் சோதனைக்கூடத்தில் மற்றவர் காணாத இடைவெளியைக் கண்டதும் இதே பார்வைதான் என்பதையும் கூறாது விடுதல் நேர்மையாகாது.

அதன் பின்னர் பெரா பெரும்பாலும் அமைதியானார். பகிரங்கமாகப் பேசுவது அரிதாயிற்று. ஜோர்டனை அழைத்த குரலை நகரம் மீண்டும் கேட்கவில்லை.

2017 இன் பிற்பகுதியில் நிகழ்ந்ததே இவ்வரலாற்றின் முடிச்சு. அணியை வாங்கியபோது பெராவோடு பெரும் பங்குகளை எடுத்தோர் ஸ்ரீவ் கப்லன், டானியல் ஸ்ரோஸ் என்னும் இருவர். அவர்களது ஒப்பந்தத்தில் விசித்திரமானதொரு விதி இருந்தது. ஐந்தாண்டுகள் நிறைவுற்றதும் இவ்விரு பங்காளர் அணிக்கு ஒரு விலையைக் கூறலாம். அவ்விலையிலேயே அவர்களது பங்கைப் பெரா வாங்கவேண்டும், இல்லையேல் அதே விலைக்குத் தமது பங்கை அவர்களுக்கு விற்கவேண்டும். அப்பம் ஒன்றை இரு சிறுவர் பங்கிடுகையில் ஒருவன் பிட்க மற்றவன் தெரிவு செய்யும் நீதி இது. விலை கூறுபவர் குறைத்துக் கூறின் தம் பங்கை மலிவாக இழப்பார். கூட்டிக் கூறின் கூட்டிய விலைக்கு அணியையே வாங்க நேரலாம். அறிவுக்கு உகந்த ஏற்பாடு என்பதில் ஐயமில்லை. ஆயின் பிட்கப்படும் அப்பத்துக்கு அங்கு குரல் இல்லை.

விதி இயங்கத் தொடங்கியது. மாதக்கணக்காக அணியின் எதிர்காலம் மூன்று செல்வரின் மனக்கணக்கிலே தொங்கியது. களத்திலோ துயரம் மிகுந்தது. கொன்லி காயமுற்று ஒதுங்கினார். நவம்பரில் பயிற்றுநர் நீக்கப்பட்டார். பருவம் 22 வெற்றிகளுக்கு 60 தோல்விகளோடு முடிந்தது. 2018 ஏப்ரலில் முடிவு அறிவிக்கப்பட்டது: பெராவே வாங்கினார். அணியின் மதிப்பு ஒரு பில்லியன் டொலரைத் தாண்டிக் கணிக்கப்பட்டது. ஆறு ஆண்டுகளுக்குள் ஏறக்குறைய மும்மடங்கிற்கு மேலான உயர்வு. அவ்வுயர்வு நிகழ்ந்த தறுவாயில் அணி அறுபது ஆட்டங்களைத் தோற்றுக்கொண்டிருந்தது என்பதை நின்று நிதானித்து நோக்கவேண்டும். ஆட்டத்தின் கணக்கும் உடைமையின் கணக்கும் வெவ்வேறு ஏடுகளில் எழுதப்படுவன என்பதற்கு இதனினும் தெளிவான சான்று கிடைப்பது அரிது.

இம்மதிப்பு எங்கிருந்து வருகின்றது? பெரும்பகுதி தொலைக்காட்சியிலிருந்து. 2024 இல் சங்கம் கைச்சாத்திட்ட ஒளிபரப்பு ஒப்பந்தங்கள் பதினோர் ஆண்டுகளுக்கு ஏறக்குறைய 76 பில்லியன் டொலர் பெறுமதியானவை. தேசிய ஒளிபரப்பு வருவாய் வென்ற அணிக்கும் தோற்ற அணிக்கும் சமமாகவே பகிரப்படும். விதியும் சந்தையும் இவ்வாறு காத்து நிற்கையில் இருக்கைகளின் விலை ஏறாதிருத்தல் எங்ஙனம்? 2023 இல் மற்றோர் இளம் செல்வர், 43 வயதினரான மற் இஷ்பியா, பீனிக்ஸ் அணியை 4 பில்லியன் டொலர் மதிப்பீட்டில் வாங்கினார். (அவர் தம் பல்கலைக்கழக அணியில் பின்வரிசையில் அமர்ந்திருந்தவர், ஆட்டத்தில் இடம் கிடைக்காதோர் உடைமைக்கு வந்து சேரும் கதை பெராவோடு முடிவதன்று.) 2025 இல் பொஸ்ரன் அணி விலைபேசப்பட்டபோது தொகை 6.1 பில்லியன். இதற்கு மேலாக அரசும் கைகொடுக்கின்றது. 2023 இல் ரெனசி மாநிலம் மெம்பிஸின் கூடைப்பந்தாட்ட அரங்கையும் உதைபந்தாட்ட அரங்கையும் சீர்செய்ய 350 மில்லியன் டொலர் ஒதுக்கியது. அரங்கு பொதுவுடைமை, அவ்வரங்கால் அணிக்கு ஏறும் மதிப்புத் தனியுடைமை. வறுமை மிகுந்த நகரொன்றில் இவ்வேறுபாட்டைப் பொருளியல் மாணவர் மட்டுமன்றி, மின்கட்டணம் செலுத்த வழியற்ற வீட்டாரும் உணர்ந்தே இருப்பர்.

சங்கத்துக்கே 'உடைமையாளர்' என்ற சொல் உறுத்தத் தொடங்கியது என்பது ஒரு சுவையான செய்தி. ஆட்டக்காரருட் பெரும்பான்மையோர் கறுப்பினத்தவர். மனிதர் மனிதரை உடைமையாக வைத்திருந்த நாட்டிலே அச்சொல்லின் ஒலி வேறு. ட்றேமண்ட் கிறீன் என்னும் ஆட்டக்காரர் 2017 இல் இதனை வெளிப்படையாகக் கண்டித்தார். அச்சொல்லிலிருந்து சங்கம் விலகிவிட்டதென 2019 இல் அதன் ஆணையாளர் அடம் சில்வர் கூறினார். அதிகாரபூர்வமாக இப்பொழுது அவர்கள் 'ஆளுநர்'. சொல் மாறியது, உறுதிப் பத்திரம் மாறவில்லை.

நால்வரின் காலமும் முடிந்தது. 2019 பெப்ரவரியில் கசோல் ரொறன்ரோவுக்கு மாற்றப்பட்டார். அவ்வாண்டே அங்கு அவர் வாகை சூடினார். கிறிஸ்லீஸோடு ஒரே ஆண்டிற் கனடாவில் பிறந்த அணி அது. பின்னர் கொன்லியும் சென்றார். இளைஞரைக் கொண்டு மீளக் கட்டிய அணி 2021-22 பருவத்தில் மீண்டும் 56 ஆட்டங்களை வென்றது. நிருவாகத்தின் திறமைக்கு அதுவும் சான்றே. எனினும் 2021 இல் றண்டோல்பின் இலக்கமும், 2024 இல் கசோலின் இலக்கமும், 2025 இல் அலனின் இலக்கமும் அரங்கின் கூரையிலே உயர்த்தப்பட்ட நாள்களில் மெம்பிஸ் நகரம் கூடி நின்றது. அவ்விலக்கங்களை இனி எவரும் அணியார். விற்பனைப் பட்டியலில் அவற்றுக்கு விலை குறிக்க இயலுமா என்பது சட்டத்துறை மாணவருக்கு நல்லதொரு வினா.

அவ்வினாவுக்குச் சியாற்றில் நகரம் ஒருமுறை விடை தேட நேர்ந்தது. 1967 முதல் 41 ஆண்டுகள் அங்கு ஆடிய சொனிக்ஸ் அணியை 2006 இல் ஒக்லஹோமாவைச் சேர்ந்த முதலீட்டாளர் 350 மில்லியன் டொலருக்கு வாங்கினர். அரங்கின் குத்தகை முடியுமுன்னரே அணியைக் கொண்டுசெல்ல அவர்கள் முயன்றதால் நகரம் வழக்குத் தொடுத்தது. 2008 யூலையில் 45 மில்லியன் டொலர் கொடுத்து வழக்கு இணக்கமாக முடிக்கப்பட்டது. ஆட்டக்காரரும் இருக்கையும் ஒக்லஹோமாவுக்குச் சென்றன. அணியின் பெயரையும் நிறங்களையும் கொண்டுசெல்லலாகாது என்பது இணக்கத்தின் ஒரு நிபந்தனை. 1979 இல் வென்ற வாகைக் கிண்ணம் சியாற்றிலின் நூதனசாலையில் இருக்கின்றது.

மெம்பிஸில் அணி முதல் மூன்று பருவங்களும் ஆடிய பிரமிட் வடிவ அரங்கு 2015 முதல் தூண்டிலும் வேட்டைக் கருவிகளும் விற்கும் கடை. 2004 இல் திறந்த அரங்கின் குத்தகை 2029 வரை செல்வதாக வகுக்கப்பட்டது.